காலில்லா அரணைக்கு ஒரு பெயர்

தியாகராய நகர்,
சென்னை-17.
12.6.1972

மதிப்பிற்குரிய உதவி ஆராய்ச்சியாளர் அவர்களுக்கு,

வணக்கம். "அன்புள்ள அத்தான்" என்று தொடங்கினால், பதினான்கு மாதமாக ஏன் கடிதம் இல்லை என்று நானும் நீங்களும் மாறி மாறிக் கேட்டே தாள் தீர்ந்துவிடும். அதனால் இதை அலுவலகக் கடிதமாக வைத்துக்கொள்ளுங்கள். அடையாற்றில் உள்ள ஒரு மகளிர் கல்லூரியின் விலங்கியல் செய்முறை ஆசிரியை, கல்கத்தா அருங்காட்சியகத்தின் ஊர்வனப் பிரிவுக்கு எழுதுகிறாள். அந்தப் பிரிவில் அவள் கணவர் வேலை பார்ப்பது தற்செயல்.

விஷயம் இதுதான். சனிக்கிழமை எங்கள் கல்லூரித் தோட்டக்காரர் தணிகாசலம், குரோட்டன்ஸ் தொட்டிகளுக்காக மண்மேட்டை வெட்டிக்கொண்டிருந்தார். திடீரென்று கூச்சல். "டீச்சர், ஓடியாங்க! மண்ணுக்குள்ள இன்னாவோ நெளியுது. புழுவா பாம்பா, ஒண்ணும் பிரியல. அடிச்சுடவா?" நான் மண்வெட்டிக்கு முன்னால் கையை நீட்டிவிட்டேன். கை பிழைத்தது, பிராணியும் பிழைத்தது. அன்று மாலைக்குள் மொத்தம் மூன்று கிடைத்தன.

ஒரு சாணுக்குச் சற்றுக் குறைந்த நீளம். பென்சில் கனம். வழவழவென்ற பழுப்புச் செதில்கள், ஒவ்வொன்றிலும் ஒரு கரும்புள்ளி. காலே கிடையாது. கால் இருந்த தழும்பையாவது பார்ப்போம் என்று லென்ஸ் வைத்துத் தேடினேன், அதுவும் இல்லை. மூக்கு நுனியில் நகம் போல ஒரு தகடு. வாய்க்குள் மண் போகாதபடி கீழ்த்தாடை உள்வாங்கி இருக்கிறது. ஈர மண்ணில் விட்டால் குளத்து மீன் போல வழுக்கிக்கொண்டு உள்ளே போய்விடுகிறது. படம் வரைந்து இணைத்திருக்கிறேன். இது என்ன என்று தங்கள் பிரிவு தெரிவிக்க வேண்டும்.

இப்படிக்கு,
சண்முகவடிவு

பி.கு. நீங்கள் கல்கத்தா புறப்படும்போது எனக்காகத் தட்டச்சு செய்து கொடுத்த ராஜினாமாக் கடிதம், நான் கையெழுத்துப் போடாமல், இன்றுவரை என் மேஜையில்தான் கிடந்தது. அதன் பின்பக்கம் வெள்ளையாக இருந்ததால் படத்தை அதில்தான் வரைந்தேன். நல்ல கனமான தாள்.

◆

கல்கத்தா,
21.6.1972

அன்புள்ள வடிவு,

படம் கிடைத்தது, தாளின் இரண்டு பக்கமும். வழக்கம் போல அழகாக வரைந்திருக்கிறாய்.

இது புழுப்பாம்பு. மண்ணுக்குள் கறையான் தின்று வாழும் சின்னக் குருட்டுப் பாம்பு. சென்னையில் பூந்தொட்டியைக் கவிழ்த்தால் ஒன்றாவது கிடைக்கும். எங்களிடம் ஐந்து ஜாடி நிறைய இருக்கிறது. உன்னுடையது கொஞ்சம் பருத்த ஒன்று, அவ்வளவுதான். மாணவிகளுக்குக் காட்டிவிட்டு மண்ணில் விட்டுவிடு.

உடம்பு எப்படி இருக்கிறது? மச்சானின் சேலைக்கடை எப்படி நடக்கிறது? அந்தக் கடிதத்தை உன் நன்மைக்காகத்தான் தட்டச்சு செய்தேன். அதை நீ எப்போதாவது நம்புவாய் என்று நினைக்கிறேன்.

கருணாகரன்

◆

தியாகராய நகர்,
30.6.1972

அத்தான்,

(அலுவலகக் கடிதம் போதும். கோபத்தை அந்த நடையில் எழுத வரவில்லை.)

ஐந்து ஜாடிக்காரரே, கேளுங்கள். உங்கள் புழுப்பாம்பு கண் சிமிட்டுமா? இது என்னைப் பார்த்துச் சிமிட்டியது. கடுகளவு கண்தான், ஆனால் இமை இருக்கிறது, மூடித் திறக்கிறது. பாம்புக்கு இமை கிடையாது என்று முதல் வருஷத்துப் பெண்ணுக்குக்கூட நான் சொல்லிக்கொடுக்கிறேன். கண்ணுக்குப் பின்னால் ஊசி குத்திய மாதிரி ஒரு செவித்துளையும் இருக்கிறது.

அடிவயிற்றைப் பாருங்கள். பாம்பில் பெரும்பாலானவற்றுக்கு அகலமான பட்டைச் செதில். உங்கள் புழுப்பாம்புக்கு மட்டும் சுற்றிலும் ஒரே மாதிரி இருக்கும். இதற்கும் அப்படித்தான் இருக்கிறது, அதனால் அதை விட்டுவிடுகிறேன். வாலை விடமாட்டேன். புழுப்பாம்பின் வால் விரல் நகத்தளவு. இதன் வால் உடம்பில் பாதிக்குக் குறையாது. அதுமட்டுமா, தணிகாசலம் ஒன்றைக் குச்சியால் அழுத்திப் பிடித்தார். பாதி வால் பிய்ந்து தனியாகத் துள்ளியது. "ஐயோ டீச்சர், ரெண்டாப் பூட்ச்சு! நான் ஒண்ணும் பண்ணல, சாமி சத்தியமா!" என்று அவர் குச்சியை எறிந்துவிட்டார். எந்தப் பாம்பு வாலைக் கழற்றிக் கொடுத்துவிட்டு ஓடுகிறது?

இது பல்லி வகை. என் கணக்கில் அரணைக் குடும்பம். வால் பிய்ந்ததை வாலோடு சேர்த்து, பாதுகாப்புத் திரவத்தில் நனைத்த துணியில் சுற்றி, டப்பாவில் ஈயம் வைத்து அடைத்து அனுப்பியிருக்கிறேன். படத்தைப் பார்த்துத் தீர்ப்புச் சொன்னீர்கள். இப்போது பிராணியைப் பார்த்துச் சொல்லுங்கள்.

வடிவு

◆

கல்கத்தா,
18.7.1972

என் அன்பு வடிவுக்கு,

தோற்றேன். டப்பாவைத் திறந்து லென்ஸில் பார்த்த ஐந்தாவது நிமிஷத்தில் தோற்றேன். பிரிவில் எல்லோரையும் கூப்பிட்டுக் காட்டினேன். "யார் அனுப்பியது?" என்று கேட்டார்கள். "என் மனைவி" என்று இரண்டு வருஷத்தில் முதல் தடவையாக உரக்கச் சொன்னேன்.

காலில்லாத அரணைதான். ஐம்பது ஆண்டுகளுக்கு முன் சில்கா ஏரித் தீவில் கிடைத்த ஒன்று இங்கே ஜாடியில் இருக்கிறது. பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். உடல் நடுவில் செதில் வரிசைகளின் எண்ணிக்கை வேறு, மூக்குத் தகடு வேறு. ஆனால் அவசரப்படக் கூடாது. கால் இல்லை என்பதை வைத்து உறவு சொல்ல முடியாது. ஆப்பிரிக்காவில் ஒரு கூட்டம், ஆஸ்திரேலியாவில் ஒரு கூட்டம், இலங்கையில் ஒன்று என்று பல்லிகள் தனித்தனியே எத்தனையோ தடவை காலை விட்டிருக்கின்றன. மண்ணுக்குள் வாழப் போனவை எல்லாம் ஒரே அச்சில் வார்த்த மாதிரி ஆகிவிடுகின்றன. உருவத்தைப் பார்த்து அண்ணன் தம்பி என்று எழுதியவர்கள் பின்னால் அழித்து எழுதியிருக்கிறார்கள். என்னையும் சேர்த்துக்கொள்.

உள்ளே இருக்கும் எலும்பைப் பார்க்க வேண்டும். பாம்புக்குத் தோளெலும்பின் சுவடே கிடையாது. மலைப்பாம்புக்கு இடுப்பில் கொஞ்சம் மிச்சம் உண்டு, தோளில் இல்லை. காலில்லாப் பல்லிகள் பெரும்பாலும் வெளியே காலைத் துறந்தாலும் உள்ளே தோளை வைத்திருக்கும். அது எவ்வளவு மிஞ்சியிருக்கிறது என்பதை வைத்துத்தான் இதன் சொந்தக்காரர்களைத் தேட முடியும். இங்கே இருக்கும் ஒன்றை அறுக்க எனக்குக் கை வரவில்லை. உன்னால் முடியுமா?

அன்புடன்,
கருணாகரன்

◆

தியாகராய நகர்,
12.8.1972

அன்புள்ள அத்தான்,

முடியுமா என்று கேட்டீர்களே, அதற்காகவே ஒரு நாள் கூடுதலாக உழைத்தேன்.

அறுக்கவில்லை. பொட்டாசியம் காரத்தில் ஊறவைத்துச் சதையைக் கண்ணாடி மாதிரி ஆக்கி, எலும்புக்கு மட்டும் சிவப்புச் சாயம் ஏற்றினேன். கல்லூரி அலமாரியில் அலிசரின் பாட்டிலைத் திறந்தால் அடியில் காய்ந்த பொருக்குதான் இருந்தது. அது துணிக்குப் போடும் சாயம்தானே என்று அண்ணனிடம் கேட்டேன். சவுக்கார்பேட்டைச் சாயக்கடையிலிருந்து ஒரு பொட்டலம் வாங்கிக் கொடுத்துவிட்டு, "சேலைக்குச் சாயம் கேட்டாச் சரி. அரணைக்குச் சாயம் போடுத தங்கச்சிய இப்பதாம்ளா பாக்கேன்" என்றார். மதினி பேச்சியம்மாள் சமையலறைப் பக்கம் ஜாடியைக் கொண்டுவரக் கூடாது என்று சட்டம் போட்டுவிட்டாள்.

பதினேழு நாள். கடைசியில் கிளிசரினில் போட்டு வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தேன். உடம்பு முழுக்கத் தெளிவு. அதற்குள் சிவப்பாக முதுகெலும்பு, விலா, மண்டை. தலைக்குக் கொஞ்சம் பின்னால், இரண்டு பக்கமும், மயிரிழை மாதிரி இரண்டு எலும்பு வளைந்து நின்றது. தோள் அத்தான், தோள்! ஆய்வுக்கூடத்தில் தனியாக நின்று கைதட்டினேன். மாணவிகள் எட்டிப் பார்த்தார்கள்.

மூன்றாவதை ஒரு கண்ணாடி ஜாடியில் மண்ணோடு உயிரோடு வைத்திருக்கிறேன். கறையான் போட்டால் பிடிக்கிறது. வெயில் பட்டால் அடியில் போகிறது, தண்ணீர் தெளித்தால் மேலே வருகிறது. அளவுகள், செதில் எண்ணிக்கை, எலும்புப் படங்கள், நடத்தைக் குறிப்பு எல்லாம் சேர்த்துப் பதினொரு பக்கம் இத்துடன் அனுப்புகிறேன். நீங்கள் சில்கா ஜாடியோடு ஒப்பிட்டு உங்கள் பக்கங்களைச் சேர்த்து அனுப்புங்கள். புதிய இனம்தான் என்றால், நாம் உட்கார்ந்து கட்டுரை எழுதுவோம். தபாலில்தான் உட்கார முடியும், பரவாயில்லை.

இந்த இரண்டு மாதமாகத் தபால்காரர் வரும் நேரம் எனக்குத் தெரிகிறது. அதையும் குறிப்பில் சேர்த்துக்கொள்ளுங்கள்.

உங்கள் வடிவு

◆

கல்கத்தா,
28.8.1972

என் உயிரான வடிவுக்கு,

இன்று நம் திருமண நாள். எட்டு வருஷமாயிற்று. உனக்குச் சேலை அனுப்பினால் சேலைக்கடைக்காரரின் தங்கை சிரிப்பாய். அதனால் எவராலும் நெய்ய முடியாத ஒன்றை அனுப்புகிறேன்.

புதிய இனம்தான். சந்தேகமே இல்லை. உன் பதினொரு பக்கத்தை ஒழுங்குபடுத்தி, என் ஒப்பீட்டைச் சேர்த்து, மூன்று இரவு தூங்காமல் எழுதி, சென்ற வாரமே ஆய்விதழுக்கு அனுப்பிவிட்டேன். கார்பன் பிரதி உள்ளே இருக்கிறது. தலைப்பைப் பார். அந்த உயிருக்கு உன் பெயரை வைத்திருக்கிறேன்! நம் குடும்பத்தில் எந்தப் பெண்ணுக்குக் கிடைத்த மரியாதை இது? விலங்கியல் என்று ஒன்று இருக்கும்வரை சண்முகவடிவு என்ற பெயர் இருக்கும்.

நவம்பரில் மூத்த ஆராய்ச்சியாளர் பதவிக்கு நேர்முகம். அதற்குள் அச்சாகிவிடும் என்று ஆசிரியர் சொல்லியிருக்கிறார். பதவி கிடைத்தால் குடியிருக்க நல்ல வீடும் உண்டு. அப்போது நீ வருவாய், இல்லையா?

என்றும் உன்,
கருணாகரன்

◆

தியாகராய நகர்,
4.9.1972

அத்தான்,

கார்பன் பிரதியை மூன்று தடவை படித்தேன். முதல் தடவை சந்தோஷத்தில் கண் நிறைந்தது. இரண்டாவது தடவை என்னைத் தேடினேன். மூன்றாவது தடவை அழுதேன், ஆத்திரத்தில்.

தலைப்பில் ஒரு பிராணியாக இருக்கிறேன். கடைசிப் பக்கத்தில் "மாதிரிகளைச் சேகரித்து உதவிய என் மனைவிக்கு நன்றி" என்ற வரியில் இருக்கிறேன். அங்கே எனக்குப் பெயர்கூட இல்லை. எழுதியவர் என்ற இடத்தில் கருணாகரன் மட்டும் இருக்கிறார். நடுவில் ஏழு பக்கம் என் வாக்கியங்கள். "கீழ்த்தாடை உள்வாங்கி" என்பதற்கு நான் தேடிப் பிடித்த ஆங்கிலச் சொல் வரைக்கும் அப்படியே இருக்கிறது.

நம் துறையின் வழக்கம் உங்களுக்குத் தெரியாததா? ஒரு புதிய உயிருக்கு யாரும் தன் பெயரைத் தானே வைத்துக்கொள்வதில்லை, அது அசிங்கம். ஆகவே என் பெயரை அதற்கு வைத்த நிமிஷமே நான் எழுதியவள் இல்லை என்று உலகத்துக்குச் சொல்லிவிட்டீர்கள். ஆசையாகத்தான் செய்தீர்கள், தெரியும். ராஜினாமாக் கடிதத்தையும் ஆசையாகத்தான் தட்டச்சு செய்தீர்கள். இரண்டு தடவையும் என்னை ஒரு வார்த்தை கேட்கவில்லை.

இன்னொன்று. அந்த உயிர் வாழும் இடம் "அடையாறு, கல்லூரித் தோட்டம்" என்று எழுதியிருக்கிறீர்கள். யார் சொன்னது? என் கடிதத்தில் இருந்த கல்லூரியின் இடத்தை எடுத்துப் போட்டுவிட்டீர்கள். ஒரு மாதமாகக் கல்லூரித் தோட்டத்தைத் தோண்டுகிறேன், ஒன்றுகூடக் கிடைக்கவில்லை. கடைசியில் போன வாரம் தணிகாசலத்தைக் கேட்டேன். "இது இந்த எடத்து மண்ணே இல்ல டீச்சர். வேளச்சேரி ஏரிக்கரையாண்ட பனந்தோப்பு கீதே, அங்கேர்ந்து லாரில வந்த லோடு. யாரும் கேக்கல, நான் சொல்லல" என்றார். ஞாயிற்றுக்கிழமை அவரோடு வேளச்சேரி போய் மத்தியானம் வரை தோண்டினோம். பனைக்கு அடியில், மக்கிய ஓலைக்குக் கீழே, இரண்டு கிடைத்தன. அதன் வீடு அங்கே இருக்கிறது. தொட்டி மண்ணோடு வந்து மாட்டிக்கொண்டதை நீங்கள் அடையாற்றுப் பிரஜை ஆக்கிவிட்டீர்கள். நானும் கேட்க ஒரு மாதம் எடுத்துக்கொண்டேன் என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் நான் அதற்குள் எதையும் அச்சுக்கு அனுப்பவில்லை.

மிரட்டவில்லை, தகவல் சொல்கிறேன். இது இப்படியே அச்சானால், அதே இதழுக்கு நான் திருத்தம் எழுதுவேன். என் முழுப் பெயரில் எழுதுவேன்.

சேர்ந்து எழுத மனம் வராதவர், சேர்ந்து வாழ ஏன் கூப்பிடுகிறீர்கள்? இதற்குப் பதில் தெரிந்தால் எழுதுங்கள். தெரியாவிட்டால் எழுத வேண்டாம்.

சண்முகவடிவு

◆

கல்கத்தா,
25.9.1972

அன்புள்ள வடிவு,

உன் கடிதம் வந்த அன்றே கட்டுரையைத் திருப்பி அனுப்பச் சொல்லித் தந்தி கொடுத்தேன். பதில் வந்த பிறகு உனக்கு எழுதலாம் என்று காத்திருந்தேன். திரும்ப வந்துவிட்டது. ஆசிரியர் கடுமையாக ஒரு வரி எழுதியிருந்தார், வாங்க வேண்டியதுதான். இனிமேல் புது வருஷத்து இதழில்தான் இடம். நவம்பர் நேர்முகத்துக்குக் கட்டுரை இல்லாமல் போகிறேன். இதை நீ பரிதாபப்பட வேண்டும் என்று எழுதவில்லை. வேறு யாராவது சொல்லி உனக்குத் தெரியக் கூடாது என்று எழுதுகிறேன்.

உன் கேள்விக்குப் பதில். சேர்ந்து எழுதுவது என்ற எண்ணமே எனக்கு வரவில்லை வடிவு. மனம் வராமல் விட்டிருந்தால் அது கெட்ட எண்ணம், நல்ல எண்ணத்தைக் கொண்டு மாற்றிவிடலாம். எனக்குத் தோன்றவே இல்லை. உன் பக்கங்களை என் மேஜையில் வைத்ததும் அவை என்னுடையவை என்று கை நினைத்துக்கொண்டது. உனக்குப் பெரிய மரியாதை செய்கிறேன் என்று உண்மையாகவே பூரித்துப்போய் இருந்தேன். அதை நினைக்கும்போதுதான் அதிகம் வெட்கமாக இருக்கிறது. ராஜினாமாக் கடிதமும் தப்பு. "உன் நன்மைக்காக" என்று ஜூன் மாதம்கூட எழுதினேனே, அதுவும் தப்பு.

உன் பதினொரு பக்கத்தைத் திருப்பி அனுப்புகிறேன். என் ஒப்பீட்டுக் குறிப்புகளும் கூட இருக்கின்றன. கட்டுரையை நீ எழுது. என் பெயர் அதில் வர வேண்டுமா, வந்தால் எங்கே, எல்லாம் நீ முடிவு செய்ய வேண்டியது. நான் வைத்த பெயரை எடுத்துவிட்டேன். என்ன பெயர் என்பதும் எழுதுகிறவரின் உரிமை.

இப்போது சில கேள்விகள், கேட்கத் தெரியாதவன் பழகிக்கொள்கிறேன். வேளச்சேரியில் எவ்வளவு ஆழத்தில் கிடைத்தது? மண் ஈரமா, உலர்ந்ததா? பக்கத்தில் கறையான் புற்று இருந்ததா? ஏரி நிறைந்தால் அந்த இடம் முழுகுமா? முழுகினால் அவை எங்கே போகும்? வெயிலில் தோண்டினாயே, தலைவலி வந்ததா?

கருணாகரன்

◆

தியாகராய நகர்,
24.11.1972

அன்புள்ள அத்தான்,

நேர்முகம் பற்றிய கார்டு கிடைத்தது. உங்களுக்குக் கிடைக்கவில்லை என்றதும் மதினி, "எல்லாம் இந்தப் புழுவாலதான்" என்று என்னைப் பார்த்தாள். எனக்கு வருத்தம்தான். ஆனால் தப்பான இடமும் பாதிப் பெயரும் போட்ட தாளைக் காட்டி வாங்கிய நாற்காலியில் நீங்கள் சரியாக உட்கார்ந்திருக்க மாட்டீர்கள். அடுத்த வருஷம் நல்ல தாளைக் கொண்டு போங்கள்.

கேள்விகளுக்குப் பதில்: முக்கால் அடி ஆழம். மேலே உலர்வு, கீழே ஈரம். புற்று பத்தடி தள்ளி. தலைவலி வந்தது, தணிகாசலம் நுங்கு வெட்டிக் கொடுத்தார், போய்விட்டது. ஏரி நிறைந்தால் எங்கே போகின்றன என்பதுதான் எனக்கும் தெரியவில்லை. இந்த மாதம் ஒரு வாரம் கொட்டித் தீர்த்தது, தோப்பில் முழங்கால் தண்ணீர். வடிந்ததும் பார்க்க வேண்டும். இரண்டு பேர் தோண்டினால்தான் முடியும். டிசம்பர் இருபதாம் தேதி கல்லூரிக்கு விடுமுறை. மெயில் ரயிலில் ஏறி வாருங்கள். நான் கல்கத்தா வருவதா, நீங்கள் சென்னை வருவதா என்பதை அப்போது பேசுவோம். தட்டச்சு எந்திரத்தை அங்கேயே வைத்துவிட்டு வாருங்கள்.

கட்டுரையை முடித்துவிட்டேன். பதினான்கு பக்கம். இத்துடன் இருக்கிறது. சிவப்பு மையால் எங்கே வேண்டுமானாலும் அடியுங்கள், ஆனால் அடித்த இடத்தில் காரணம் எழுத வேண்டும். ஒப்பீட்டுப் பகுதி முழுக்க உங்களுடையது; அதில் நான் கை வைக்கவில்லை, ஒரே ஒரு எண்ணைத் தவிர. சில்கா மாதிரியின் வால் நீளத்தை இரண்டு இடத்தில் இரண்டு விதமாக எழுதியிருக்கிறீர்கள். ஜாடியைத் திறந்து மறுபடி அளந்து சொல்லுங்கள்.

பெயர் விஷயத்தில்தான் அதிக நாள் போயிற்று. மாணவிகள் ஆளுக்கொரு பெயர் கொடுத்தார்கள். அண்ணன் கடைப் பெயரை வைக்கச் சொன்னார், விளம்பரமாகப் போகுமாம். நான் வேளச்சேரியின் பெயரை வைத்திருக்கிறேன். அது வாழும் ஊரை இந்தத் தடவை யாரும் மறக்க மாட்டார்கள்.

உண்மையைச் சொல்கிறேன். முதலில் உங்கள் பெயரைத்தான் எழுதினேன். கருணாகரன் பெயரில் ஒரு காலில்லா அரணை, என் பழியும் தீரும், பாசமும் தெரியும். சுத்தப் பிரதிகூட எடுத்துவிட்டேன். பிறகு முதல் பக்கத்தைப் பார்த்தேன். உங்கள் பெயர் பிராணிக்குப் போய்விட்டதால், வழக்கப்படி எழுதியவர் வரியில் சண்முகவடிவு மட்டும் தனியாக நின்றாள். எனக்கு அது பிடிக்கவில்லை. அந்தத் தாளைக் கிழித்துவிட்டு, "சண்முகவடிவு, கருணாகரன்" என்று எழுதினேன். நடுவில் ஒரு காற்புள்ளி போதும் என்று தோன்றியது.

சம்மதமா?

தபாலை எதிர்பார்த்திருக்கும்,
வடிவு